கென்ஜியின் அம்மா இருக்கும் கட்டடம்

கென்ஜி போய்விட்டார். இன்று காலை, ஒக்லாந்து ஆல்பனியில் உள்ள வீட்டில், தூக்கத்திலேயே… மகள் எமி அழைத்துச் சொன்னாள்.

இங்கே நான் வேலை செய்த பத்திரிகையில் அவர் போட்டோகிராபர். நான் எழுதினால் படம் அவருடையதாக இருக்கும். நல்ல நண்பர். அவர்மீது எனக்குப் பொறாமையும் உண்டு… இன்றைக்கும்.

படங்களுக்காக அல்ல. அவருடைய அம்மாவுக்காக.

ஜப்பானில் ஒரு மலைச்சரிவில் அவர்களுக்குப் பரம்பரைக் கல்லறை இருந்தது. புல் வெட்டக்கூட ஆள் இல்லாமல் போக, அதை மூடிவிட்டு அம்மாவின் அஸ்தியை டோக்கியோவில் ஒரு மாடிக் கட்டடத்துக்கு மாற்றினார். ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில். கார்டைக் காட்டினால், உள்ளே இயந்திரம் தேடி எடுத்து, அஸ்திப் பெட்டியை நம் முன்னால் கொண்டுவந்து நிறுத்துமாம். கும்பிட்டுவிட்டு அடுத்த ரயிலைப் பிடிக்கலாம்.

"வெட்கமாக இருக்கிறது. அம்மா பார்சல் மாதிரி வருகிறார்" என்றார் கென்ஜி.

வீட்டில் சொன்னபோது மனைவி சிரித்தாள். "கார்ட் போட்டா அம்மா வாறாவோ? அது என்ன, கோயிலோ ஏடிஎம்மோ? நீங்கள் இதுக்கும் பொறாமைப்படுறியளோ?"

"ஓம்" என்றேன்.

என் அம்மா இறந்தபோது எனக்கு விசா முடிவாகவில்லை. போக முடியவில்லை. ஊரில், கீரிமலைக் கடலில் தம்பிதான் அஸ்தியைக் கரைத்தான். ஒக்லாந்தில் கடலுக்குக் குறைவில்லை… எந்தக் கரையில் போய் நிற்பது?

கென்ஜி டோக்கியோ போய்வந்த போதெல்லாம் அவரிடம் கேட்பேன், அம்மாவிடம் என்ன சொன்னீர்கள் என்று.

"எமி காரை இடித்ததைச் சொன்னேன். அம்மா என் பக்கம்தான்."

சிரிப்பேன். உள்ளே எரியும்.

இன்று எமி ஒன்று கேட்டாள். "அங்கிள், அப்பாவை இங்கேயே அடக்கம் செய்ய நினைக்கிறேன். அவர் என்னிடம் எதுவுமே சொல்லவில்லை. உங்களிடம் ஏதாவது சொன்னாரா?"

சொல்லியிருந்தார். அம்மாவின் பெட்டியில் தனக்கும் இடம் இருக்கிறது என்று.

இங்கேயே இருந்தால், எமிக்கும் எனக்கும் போய் நிற்க ஓர் இடம் இருக்கும். 'ஒன்றும் சொல்லவில்லை' என்று வாய்வரை வந்துவிட்டது…

"அம்மாவிடம் போக வேண்டும் என்றார்" என்றேன்.

 "ஓகே அங்கிள்… நான் கொண்டுபோகிறேன்."

போய் வாருங்கள், கென்ஜி. பொறாமையோடுதான் அனுப்புகிறேன். அம்மாவிடம் நான் சுகம் கேட்டதாகச் சொல்லுங்கள்.