கீழ் வீட்டுத் துருக்கி நடிகர்

சான் ஹோசேயில் எங்கள் அபார்ட்மென்ட்டின் கீழ் வீட்டில் துருக்கிப் பெரியவர் ஒருவர், வேலைக்குப் போகும் தன் மகளோடு இருந்தார். இஸ்தான்புல்லில் சினிமாக்காரர். பாடகராக நுழைந்து, நடிகராகி, கதை எழுதி, கடைசியில் டைரக்டரும் ஆனவர். தன் பட போஸ்டர்களைக்கூடத் தானே வரைவாராம். சினிமா என்றதும் நமக்கு வரும் மயக்கம் எனக்கும் வந்தது. மதியத்துக்கு மேல் எனக்குப் பகுதி நேர வேலை கிடைத்தபோது, டேகேரில் அழுதுகொண்டே இருந்த என் மூன்று வயது மகளை அவரிடம் விட்டோம்.

ஒருநாள் அவளை வேறு பெயர் சொல்லிக் கூப்பிட்டார். இன்னொரு நாள் என்னைப் பார்த்து, வெளிச்சம் போகிறது, ஏன் மேக்கப் போடவில்லை என்று அதட்டினார். நான் சிரித்துக் கை தட்டினேன். அவர் சிரிக்கவில்லை.

"ஏங்க, நிஜமாவே திட்டின மாதிரி இருந்துச்சு."

"நடிப்புடி. நம்மாளுங்க பத்து டேக் வாங்கறத அவர் ஒரே டேக்ல முடிக்கிறார். நீதான் எதுக்கெடுத்தாலும் டென்ஷன் ஆகற" என்றார் கணவர்.

வயதானவரைச் சந்தேகப்படுவது தப்பு என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். ஆனாலும் வேலையிலிருந்து திரும்பும்போது ஃப்ரீவேயில் வண்டிகள் நின்றால் மணியையே பார்த்துக்கொண்டிருப்பேன்.

ஒரு குளிர்காலச் சாயங்காலம் அவர் வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது. விளக்குப் போடவில்லை. அவர் நாற்காலியில் ஜன்னலைப் பார்த்தபடி இருந்தார். என் மகள் கம்பளத்தில் மல்லாந்து கண்மூடிக் கிடந்தாள். பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். அசையவில்லை. மண்டியிட்டுக் கன்னத்தைத் தொட்டேன்.

"டோன்ட் டாக், அம்மா. ஐ ஆம் டெட். அங்கிள் டிட்ன்ட் ஸே கட்" என்று உதடு மட்டும் முணுமுணுத்தது.

அவள் பேன்ட் நனைந்து, காய்ந்தும் போயிருந்தது. தயிர்சாத டப்பாவை யாரும் திறக்கவில்லை.

"அங்கிள், கட் சொல்லுங்க, ப்ளீஸ்" என்று ஆங்கிலத்தில் கெஞ்சினேன்.

அவர் மெல்லத் திரும்பினார். மிகுந்த மரியாதையோடு, இது யாருடைய குழந்தை என்று கேட்டார்.

அதில் துளியும் நடிப்பில்லை. நானே "கட்" என்றேன். மகள் கண் திறக்கவில்லை. தூக்கிக்கொண்டு வாசல் வரை வந்துவிட்டேன். அவரைத் தனியே விட்டுப் போகலாமா என்று தெரியவில்லை. கடைசியில், அவர் கண்ணுக்குத் தெரிகிற மாதிரி வெளிப்படியில் உட்கார்ந்து, அவருடைய மகளின் கார் வரக் காத்திருந்தேன். மடியில் இவள் கண்களை இறுக்கி மூடியபடியே இருந்தாள்.