கருப்பட்டி தின்ற நீலப்பானை

பெண்ணின் தீட்டுப் பட்டால் துணிக்குச் சாயம் ஏற்றுகிற நீலப்பானை செத்துப்போகும் என்று இன்றைக்கும் யாராவது சொன்னால், கையில் அகப்பட்டதை எடுத்து எறியலாமா என்று எனக்கு வரும். செத்த பானைக்கு உயிர் கொடுத்தவள் நான். அதுவும் எந்த நாட்களில் அதை எட்டிப் பார்க்கவே கூடாது என்றார்களோ, அதே நாட்களில்.

ஐம்பதுகளின் கடைசி. அச்சங்குளத்துக்குப் பக்கத்துக் கரிசல் காட்டில் எங்கள் ஊர். அப்பா பட்டாசுக் கம்பெனியில் திரி வெட்டினார். அம்மா தீப்பெட்டி ஆபீசில் கட்டை அடுக்கினாள். மருந்தில் முக்குவதற்காகக் குச்சிகளைச் சட்டத்தில் வரிசை வரிசையாகச் செருகுகிற வேலை. நான் எட்டாம் வகுப்பு. மிஷன் பள்ளிக்கூடத்தில் எங்கள் தெருவிலிருந்து அந்த வகுப்பு வரைக்கும் போன பெண் நான் ஒருத்திதான். எனக்கு அதில் திமிரும் உண்டு.

மார்கழி பிறந்த கையோடு நான் வயதுக்கு வந்துவிட்டேன். தாய்மாமன் வந்து வீட்டுக்குப் பின்னால் பச்சை ஓலையில் குச்சில் கட்டிக் கொடுத்துவிட்டுப் போனார். ஒரு ஆள் காலை நீட்டிப் படுக்கிற அளவுக்கு ஓலைக் குடிசை. பதினாறு நாள் அதற்குள்தான் இருக்க வேண்டும். தட்டு, செம்பு, பாய் எல்லாம் தனி. சடங்கு முடிந்ததும் குச்சிலைக் கொளுத்திவிட்டு, உள்ளே புழங்கிய மண்பாண்டத்தை உடைத்துவிடுவார்கள்.

நான் உள்ளே உட்கார்ந்த அன்றே வெளியே என் படிப்பைப் பற்றிப் பஞ்சாயத்து நடந்தது. அப்பாவின் அக்கா, என் அத்தை, குரலைத் தாழ்த்தத் தெரியாதவள். ஓலைக்குள் எல்லாம் கேட்டது.

"சமைஞ்ச புள்ளைக்கு இனி என்ன பள்ளிக்கூடம்? தை பொறந்ததும் தீப்பெட்டி ஆபீசுக்கு அனுப்புங்க."

அப்பாவுக்கு என்னைப் படிக்க வைக்க ஆசை இல்லாமல் இல்லை. ஆனால் அக்காவை எதிர்த்துப் பேசி அவருக்குப் பழக்கமில்லை. அவருக்கு ஒரு சாக்கு வசதியாகக் கிடைத்தது. பெரிய மனுஷியான பிள்ளைகள் எங்கள் பள்ளியில் நீலத் தாவணி போட்டுத்தான் வர வேண்டும். "நீலத் தாவணிக்கு நான் எங்கன போக?" என்றார். அம்மா உடனே பிடித்துக்கொண்டாள்.

"தாவணி இருந்தா அனுப்புவீகளா?"

"இருந்தா அனுப்புதேன்" என்றார் அப்பா, இருக்காது என்ற தைரியத்தில்.

அம்மா அருப்புக்கோட்டைக்காரி. கல்யாணத்துக்கு முன்னால் அங்கே ஒரு சாயக்கூடத்தில் வேலை பார்த்தவள். எங்கள் ஊரில் அவுரிச் செடியை ஆடுகூடத் திரும்பிப் பார்க்காது. வயலில் மிதித்து உரமாக்குவார்கள், நரைத்தவர்கள் இலையை அரைத்துத் தலையில் பூசுவார்கள், அத்தோடு சரி. அம்மாவுக்குத்தான் அந்தச் செடிக்குள் நீலம் இருப்பது தெரியும். கண்மாய்க் கரையில் மழைக்குத் தழைத்துக் கிடந்ததை ஐப்பசியிலேயே அறுத்து வந்து, ஊறப்போட்டு, அந்தத் தண்ணீரைச் சுண்ணாம்பு விட்டு அடி அடி என்று அடித்து, அடியில் தங்கிய நீலத்தைக் கட்டியாக உலர்த்தி வைத்திருந்தாள். அப்பாவின் வேட்டி ஒன்றை அவரைக் கேட்காமலே நெடுக்காகக் கிழித்தாள். நீலக்கட்டியைப் பொடித்து, சுண்ணாம்பும் வேகவைத்த தகரை விதையும் சேர்த்துப் பானையில் கரைத்தாள். அது புளித்துப் பொங்கினால்தான் துணியில் சாயம் ஏறும். பொங்காவிட்டால் வெறும் நீலத் தண்ணீர், அலசினால் போய்விடும்.

பானையை என் குச்சிலுக்கு எட்டாத தூரத்தில் வேலியோரம் வைத்தாள். வேலைக்குப் புறப்படும்போது வாசலில் நின்று சொன்னாள்:

"ஏ புள்ள, அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பாக்காதே. பானைக்குள்ளே இருக்க நீலி ரொம்ப ரோசக்காரி. தீட்டு ஆகாது."

நான் பார்க்கவில்லை. சத்தியமாகப் பார்க்கவில்லை. முதுகைக் காட்டிக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தேன். அப்படியும் பானை பொங்கவில்லை. அம்மா தினமும் சாயங்காலம் வந்து மூடியைத் திறந்து பார்த்து, உதட்டைப் பிதுக்கினாள். கடைசியில் ஒருநாள் துணியை முக்கி எடுத்து அலசினாள். வேட்டி வேட்டியாகவே வெளுத்து நின்றது.

"உன் நெழலு பட்டிருக்கு" என்றாள். திட்டவில்லை. அதுதான் எனக்கு ஆத்திரத்தைக் கிளப்பியது. ஓலைச்சுவர் வழியாக எந்த நிழல் போய் விழும்? ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம்! அம்மா அசதியில் பானையைக் கொட்டாமலே போட்டுவிட்டுப் போனாள். துணி வேலியில் தொங்கியது. நான் தீப்பெட்டி ஆபீசுக்குப் போவது அன்றே முடிவாகிவிட்டது.

மறுநாள் காலை எல்லோரும் வேலைக்குப் போனபிறகு நேரே எழுந்துபோய்ப் பானையைத் தொட்டேன். தொடக்கூடாத நாள் இன்னும் முடியவில்லை. தெரிந்தேதான் தொட்டேன்.

பானை சில்லென்று இருந்தது. எனக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. மார்கழி வாடை அடிக்கிற வேலியோரத்தில் வைத்தால் எது புளிக்கும்? தோசை மாவே அந்த மாதத்தில் பொங்காது. அதற்கு யாருடைய தீட்டைச் சொல்வது? பானையை அணைத்து இழுத்துக் குச்சிலுக்குள் கொண்டுவந்தேன். பாயைச் சுற்றினேன். ராத்திரி அதற்கு முதுகு கொடுத்துப் படுத்தேன். மனம் விட்டுப்போன அம்மா அப்புறம் வேலிப்பக்கம் வரவேயில்லை; அவள்தான் பானையைக் கொட்டிவிட்டாள் என்று அத்தை நினைத்துக்கொண்டாள்.

அப்புறம் எனக்கு ஒரு யோசனை வந்தது. வயதுக்கு வந்த பிள்ளைக்கு இடுப்புப் பலப்பட உளுந்தங்களியும் நல்லெண்ணெயும் கருப்பட்டியும் கொடுப்பார்கள். அத்தை வாசலில் தட்டை நகர்த்தி வைத்துவிட்டு விலகிப் போவாள். கள்ளில் கொஞ்சம் இனிப்பு இருப்பதால்தானே அது அப்படி நுரைக்கிறது என்று நினைத்தேன். களியை மட்டும் தின்றேன். கருப்பட்டியை வெந்நீரில் கரைத்துப் பானைக்கு ஊற்றினேன். தினமும் என் பங்கு கருப்பட்டி பானைக்குத்தான்.

பானைக்கு உயிர் வந்தது! மேலே செம்பு நிறத்தில் ஆடை கட்டியது, நுரை ஏறியது, விலக்கிப் பார்த்தால் உள்ளே தண்ணீர் மஞ்சளும் பச்சையுமாக இருந்தது. நாற்றம் சொல்லி முடியாது. அத்தை மூக்கைப் பொத்திக்கொண்டு, "எலி எங்கேயோ செத்துக் கெடக்கு" என்று வேலியெல்லாம் தேடினாள். நான் உள்ளே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன்.

வேலியில் கிடந்த துணியை எடுத்துவந்து முக்கி எடுத்தேன். பாசி மாதிரிப் பச்சையாக வந்தது. போச்சு, கெடுத்துவிட்டேன் என்று நினைத்தபடி அதை விரித்துப் பிடித்துக்கொண்டே நின்றேன். காற்றுப் பட்ட இடமெல்லாம் என் கண் முன்னாலேயே நீலமாக மாறியது. எனக்கு அழுகை வந்துவிட்டது. மறுபடி முக்கினேன், மறுபடி விரித்தேன், நீலம் கனத்துக்கொண்டே போனது. கடைசி நாள் விடியுமுன்னே அதை அலசி வேலியில் உலரப் போட்டேன்.

ஒன்றை மறந்துவிட்டேன். என் இரண்டு கைகளும் முழங்கை வரை நீலம். தேய்த்தாலும் போகவில்லை. நகக்கண் எல்லாம் நீலம்.

தலைக்குத் தண்ணீர் ஊற்றுகிற அன்று சொந்தக்காரர்கள் முன்னால் நான் வெளியே வந்தபோது, அத்தைதான் முதலில் பார்த்தாள்.

"அடிப் பாவி! தீட்டோட பானையிலே கை வச்சிருக்கா! ஒடைங்க அந்தப் பானையை! குச்சிலோட சேத்துக் கொளுத்துங்க!"

யாரோ கம்பை எடுத்தார்கள். நான் குச்சில் வாசலில், பானைக்கு முன்னால் போய் நின்றேன். அப்போது அம்மா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். என்னைப் பார்க்கவில்லை, குனிந்து பானையைப் பார்த்தாள். செம்பு ஆடையை விரலால் விலக்கினாள். முகர்ந்தாள்.

"எப்பம் கை வச்சே?" என்றாள்.

"தீட்டு நிக்கதுக்கு முந்தியே" என்றேன். பொய் சொல்ல எனக்கு மனசில்லை.

அம்மா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அவள் சாயக்கூடத்தைத் தானாக விடவில்லை, அனுப்பிவிட்டார்கள் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது. எல்லோரும் கேட்கச் சொன்னாள்:

"நான் தூரமா இருந்த அன்னைக்குத்தான் அந்தப் பெரிய பானை கெட்டுது. என் மேலே பழியைப் போட்டு வெளியே தள்ளுனாக. அதை நம்பித்தான் நான் இம்புட்டு வருசமும் குறுகிப்போய் இருந்தேன். அந்தப் பானை என்னாலே சாகலை."

அத்தை வாயைத் திறப்பதற்குள் அம்மா எழுந்துவிட்டாள். "மதினி, இந்தப் பானையை ஒடைக்கணும்னா மொதல்லே என் கையை ஒடைங்க" என்று சொல்லிக்கொண்டே தன் இரண்டு கைகளையும் பானைக்குள் முழங்கை வரை விட்டாள். கம்பு எடுத்தவர் அதைக் கீழே போட்டார். அம்மா அப்பாவின் பக்கம் திரும்பினாள். "தாவணி இருந்தா அனுப்புதேன்னீகள்லா?"

அப்பா வேலியில் உலர்ந்த தாவணியைப் பார்த்தார். அது தன் வேட்டி என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. "சொன்னேன்" என்றார்.

கிறிஸ்துமஸ் லீவு முடிந்து பள்ளிக்கூடம் திறந்த அன்று அம்மா அரைநாள் கூலியை விட்டுவிட்டு என்னோடு வந்தாள். வாசலில் பெரிய டீச்சர் என் தாவணியின் ஓரத்தைத் தூக்கிப் பார்த்தார்.

"திட்டுத் திட்டா இருக்கே! கையெல்லாம் என்ன இது?"

நான் கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனேன். அம்மா அதைப் பிடித்து முன்னால் இழுத்து, தன் நீலக் கையோடு சேர்த்து நீட்டினாள்.

"எங்க வீட்டுச் சாயம், டீச்சர். நீலந்தானே கேட்டீக?"

டீச்சர் எங்கள் கைகளைப் பார்த்தார். "உள்ளே போய் உக்காரு" என்றார்.