ஆறாவது ஊசி

ரப்பர் கையுறையின் வாயை இரண்டு சுற்றுச் சுருட்டி, உள்ளே அடைபட்ட காற்றை விரல்களுக்குத் தள்ளி, கன்னத்தருகே பிடித்துக்கொண்டு கண்ணை மூடுகிறாள் பச்சையம்மாள். எங்கேயாவது ஓட்டை இருந்தால் காற்று கன்னத்தில் படும். “இத்த பாரு, சுண்டு விரல்ல மூச்சு வுடுது” என்று அந்த உறையைத் தனியே எறிகிறாள்.

ஆரணி பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருக்கும் இருபது படுக்கை நர்சிங் ஹோமில் அவளுக்கு இது பதினைந்தாவது வருஷம். ஊசிகளையும் சிரிஞ்சுகளையும் கழுவிக் கொதிக்க வைப்பது, ஆபரேஷன் துணிகளை ஆவியில் வேகவைத்து அடுக்குவது அவள் வேலை. பெரணமல்லூர் பக்கம் பிறத்தியார் கழனியில் நாற்று நட்டுக்கொண்டிருந்தவள். கணவன் தருமனுக்கு அரிசி மில்லில் மூட்டை தூக்கும் வேலை கிடைத்ததும் ஊர் மாறினாள். எழுத்துத் தெரியாது. ஆனாலும் ஊசியின் பருமனைப் பார்த்தே எத்தனாம் நம்பர் என்று சொல்லிவிடுவாள்.

ஓட்டை விழுந்த கையுறைகளைக் கழுவுகிறவர்களுக்குத் தள்ளிவிடுவது அங்கே வழக்கம். “டாக்டர் கைக்கு ஆவாதது எங்க கைக்கு மட்டும் ஆவுமா?” என்று கேட்டுப் பார்த்தாள். புதிது வரவில்லை. அதனால் ஓட்டை உறைகளில் இரண்டைப் பொறுக்கி, ஓட்டைகள் ஒன்றன்மேல் ஒன்று விழாதபடி சரிபார்த்து, ஒன்றுக்குமேல் ஒன்றாக மாட்டிக்கொள்கிறாள். போட்டு முடித்த ஊசியைக் கையில் நீட்டினால் வாங்கமாட்டாள். மருந்துத் தண்ணீர்க் கிண்ணத்தில் போடவேண்டும். அங்கிருந்து அவள் இடுக்கியால் எடுப்பாள். யாராவது அவசரப்படுத்தினால், “ஜல்தி ஜல்தின்னா ஊசிக்குக் காது கேக்குமா?” என்பாள். நர்ஸுகள் அவளுக்கு வைத்திருக்கும் பெயர் ‘பேஜாரு’. அது அவளுக்கும் தெரியும்.

இந்தப் பிடிவாதம் கூடப் பிறந்ததல்ல. எழுபத்துநான்கில் அவளோடு சேர்ந்து ஊசி கழுவியவள் சின்னம்மா. வாய் ஓயாமல் பேசுவாள், சிரிப்பாள். ஆடிக் கிருத்திகைக்கு மறுநாள் கழுவும்போது அவள் கட்டைவிரலில் ஊசி ஏறியது. இரண்டு சொட்டு ரத்தம். முந்தானையில் துடைத்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்தாள். ஐப்பசிக் கடைசியில் அவள் கண் மஞ்சளாயிற்று. சூட்டு உடம்பு என்றார்கள். கீழாநெல்லி அரைத்துக் கொடுத்தார்கள். பதினெட்டாம் நாள் போய்விட்டாள். நர்சிங் ஹோம் டாக்டர் ஜெகநாதனே நேரில் வந்து மாலை போட்டார். கட்டைவிரலை யாரும் நினைக்கவில்லை.

நாலு வருஷம் கழித்து வேலூரிலிருந்து ஒரு டாக்டர் வந்து நர்ஸுகளுக்கு வகுப்பு எடுத்தார். பச்சையம்மாளுக்கு அன்று டீ கொடுக்கிற வேலை. ஒரு வகை மஞ்சள்காமாலை ரத்தத்தின் வழியாக, ஊசிமுனையின் வழியாக வரும் என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தபோது தட்டோடு அப்படியே நின்றுவிட்டாள்.

“சார், ஊசி குத்தி எத்தினி நாளு கயிச்சி கண்ணு மஞ்சளாவும்?”

“ரெண்டு மாசம், மூணு மாசம். சில பேருக்கு அதுக்கு மேலயும் ஆகும்மா.”

“ஆடி, ஆவணி, பெரட்டாசி, ஐப்பசி” என்று வாய்விட்டு எண்ணினாள். முன்வரிசையில் இருந்த ஜெகநாதன் திரும்பிப் பார்த்தார். தட்டை ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டு அவள் வெளியே போனாள். மீதி டீ ஆறிப்போயிற்று. மறுநாள் காலையில்தான் அந்தக் கிண்ணமும் இடுக்கியும் வந்தன.

போன தை மாதம் நடந்ததைச் சொல்லவேண்டும். நெசவாளர் வீட்டு மருமகள் கிருஷ்ணம்மாளைப் பிரசவத்துக்குக் கொண்டுவந்தார்கள். கண் ஏற்கெனவே மஞ்சளித்திருந்தது. குழந்தை பிறந்தும் ரத்தம் நிற்கவில்லை. ஜெகநாதன் ஒரு மணி நேரம் நிமிராமல் தைத்தார். ரத்தம் நின்றது, தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள். அவர் கையுறையைக் கழற்ற, தலைமை நர்ஸ் தேவகி தரையில் கிடந்த துணிகளை வாரக் குனிந்தாள். அதற்குள் தன் கையுறையையும் கழற்றிவிட்டிருந்தாள்.

“கை வெக்காதீங்க சிஸ்டர்!”

தேவகி திடுக்கிட்டு நிமிர்ந்தாள். பச்சையம்மாள் கதவை மறித்து நின்றாள். கையில் தையல் ஊசித் தட்டு.

“ஆறு குடுத்தேன் சார். அஞ்சிதான் கீது.”

“துணியோட போயிருக்கும். துவைக்கும்போது கிடைக்கும்” என்றார் ஜெகநாதன்.

“கெடைக்கும் சார். தொவைக்கிற எல்லப்பன் உள்ளங்கையில கெடைக்கும்.”

“வெளியில நாப்பது பேர் காத்துக்கிட்டிருக்காங்க. என்னை நிறுத்தி வைக்கிறியா நீ?”

“ஊசிய எங்க வுட்டீங்கன்னு ஒங்களுக்குத்தான் சார் தெரியும். நீங்கதான் தேடணும்.” அவள் குரல் இறங்கியது. “சின்னம்மாவுக்கு மாலை போட்டீங்க. அந்த ஒண்ணே போதும் சார்.”

தொட்டிலில் குழந்தை அழுதது. இன்றோடு வேலை போயிற்று என்றுதான் பச்சையம்மாள் நினைத்தாள். வீட்டில் தருமனிடம் எப்படிச் சொல்வது என்றுகூட யோசித்துவிட்டாளாம். ஆனாலும் கதவைவிட்டு நகரவில்லை.

ஜெகநாதன் வேறு கையுறை மாட்டிக்கொண்டார். இடுக்கியை வாங்கி, தரையில் குந்தி, துணிகளை ஒவ்வொன்றாகத் தூக்கி விளக்குக்கு நேரே பிடித்துப் பார்த்தார். நாலாவது துணியின் மடிப்பில் இருந்தது. முனை மேல்நோக்கி நின்றது. தேவகியின் கை போன இடத்துக்கு நாலு விரல் தள்ளி. அதை இடுக்கியால் எடுத்துப் பச்சையம்மாள் நீட்டிய தட்டில் வைத்துவிட்டு, “எண்ணிக்கோம்மா” என்றார்.

“ஆறு” என்றாள்.

அவர் போன பிறகும் தேவகி நின்ற இடத்திலேயே நின்றாள். பதினெட்டு வருஷ சர்வீஸ். ‘பேஜாரு’ என்று பெயர் வைத்ததே அவள்தான். தன் விரல்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டாள். சட்டென்று பச்சையம்மாளின் கையைப் பிடிக்க வந்தாள்.

பச்சையம்மாள் தன் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள். பிறகு முழங்கையால் குழாயைத் திறந்துவிட்டு, சோப்பை அவள் பக்கம் நகர்த்தி, ஒதுங்கி இடம் விட்டாள்.