ஏழாவது கோட்டையும் மாசித் தேரும்

வெள்ளிக்கிழமை தோறும் முகம் பார்த்துப் பேசலாம் என்று அத்தா (அப்பாவை நாங்கள் அப்படித்தான் கூப்பிடுவோம்) ஒரு கம்ப்யூட்டரை வாங்கி வைத்துவிட்டுக் குவைத்துக்குப் போனார். அதை விற்ற கடைக்காரர், பிள்ளைக்கு இருக்கட்டும் என்று ஒரு விளையாட்டையும் அதில் போட்டுக் கொடுத்திருந்தார். அந்தப் பிள்ளை நான்தான். விளையாடியது அம்மா.

அது கோட்டை பிடிக்கிற விளையாட்டு. நமக்கு ஒரு சின்ன ஊரும் கொஞ்சம் வயலும் நாலைந்து குதிரைகளும் கொடுப்பார்கள். அதை வைத்துக்கொண்டு வயலைப் பெருக்கி, ஆள் சேர்த்து, ஒவ்வொன்றாக ஏழு கோட்டைகளைப் பிடித்தால் கதை முடியும். எனக்கு அவ்வளவு பொறுமை ஏது? கையிலிருக்கும் நாலு குதிரையையும் ஓட்டிக்கொண்டு நேரே கோட்டை வாசலுக்குப் போவேன். போன வேகத்தில் செத்துத் திரும்புவேன். பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த அம்மாவுக்கு இது பொறுக்கவில்லை.

"ஏன்டி, சோத்துக்கு நெல்லு இல்லாம இத்தினி பேர கூட்டிட்டுப் போனா வந்தவன் எப்படி சண்ட போடுவான்? எழுந்திரு, நான் காட்டுறேன்."

ஒரு நிமிடம் காட்டுவதற்காக உட்கார்ந்தவள்தான். அதற்குப் பிறகு அந்த நாற்காலி எனக்குக் கிடைக்கவில்லை.

அம்மா போருக்குப் போவதும் வீட்டில் கல்யாண விருந்து வைப்பதும் ஒன்றுதான். எத்தனை பேர், எவ்வளவு நெல், எவ்வளவு விறகு, குதிரைக்குக் கொள்ளு இருக்கிறதா, ஏணி உடைந்தால் மாற்று ஏணி உண்டா என்று எல்லாம் பார்த்த பிறகுதான் படை கிளம்பும். நடுவில் ஊர்க்காரர்கள் சில்லறை வேலைகள் சொல்வார்கள். ஒருவன் திருடனைப் பிடித்துத் தரச் சொல்வான், ஒருத்தி உப்பு வாங்கி வரச் சொல்வாள். கிணற்றடியில் ஒரு குடியானவன் மாட்டைத் தொலைத்துவிட்டு நிற்பான். இவற்றைச் செய்தாலும் செய்யாவிட்டாலும் கதைக்கு ஒன்றும் ஆகாது. ஆனால் அம்மாவுக்கு மனசு கேட்காது. "பாவம், எத்தினி நாளா நிக்கிறான்" என்று ராஜாவே குதிரையேறி மாடு தேடப் போவார். வெள்ளைத் தாடி வைத்த ஒரு மந்திரி அவ்வப்போது திரையில் வந்து, அரசே, எதிரி காத்திருக்கிறான் என்று இங்கிலீஷில் நினைவூட்டுவார். நான் மொழிபெயர்த்துச் சொல்வேன். "அவருக்கென்ன, வேலவெட்டி இல்லாம நிக்கிறாரு" என்று அம்மா மாட்டைத் தேடிக்கொண்டிருப்பாள்.

அந்த எதிரி ராஜாவிடம் ஒரு நல்ல குணம் இருந்தது. ஒவ்வொரு கோட்டைக்கு முன்னாலும் ஒரு பாலம் உண்டு. நாம் பாலத்தைத் தாண்டினால்தான் சண்டை தொடங்கும். தாண்டாதவரை, ஆறு மாதமானாலும் அவன் கோட்டைக்குள்ளேயே காத்திருப்பான். கோபித்துக்கொள்ள மாட்டான். ஆனால் தாண்டிவிட்டால் ஒரே மூச்சில் முடித்தாக வேண்டும். நடுவில் நிறுத்தி வைத்து நாளைக்குத் தொடர முடியாது. கம்ப்யூட்டர் அணைந்துபோனால் படை மறுபடி பாலத்துக்கு இந்தப் பக்கம் வந்து நிற்கும்.

இங்கேதான் எங்கள் ஊர் விருத்தாசலம் குறுக்கே வந்தது. அப்போதெல்லாம் கரண்ட் ஒரு மணி நேரம் இருந்தால் ஒரு மணி நேரம் இருக்காது. பெரிய சண்டைக்கோ இரண்டு மணி நேரம் வேண்டும். எங்கள் வீடு மாடியில், கீழே மாமாவின் பீங்கான் கடை. பொம்மையும் ஊறுகாய் ஜாடியும் வாசலில் இருக்கும். உள்ளே மூட்டை மூட்டையாக, மீட்டர் பெட்டியில் மாட்டுகிற பீங்கான் ஃபியூஸ் கேரியர். "ஊருல இருக்கிற வூட்டுக்கெல்லாம் ஃபியூஸ் கேரியர் செஞ்சி அனுப்புறது நாம. அதுல பாயுறதுக்கு நமக்குத்தான் கரண்ட்டு இல்ல" என்பார் மாமா. தினம் ஒரு முறையாவது இதைச் சொல்லாமல் அவருக்கு டீ இறங்காது.

அம்மா கரண்டைப் பற்றிப் புலம்பியதில்லை. நெல்லு, கொள்ளு போல அதையும் கணக்கில் சேர்த்துக்கொண்டாள். எந்தக் கிழமை எப்போது போகும், பரீட்சை சமயத்தில் எப்படி, மழைக்கு எப்படி என்று மின்சார வாரியத்துக்கே தெரியாததெல்லாம் அவளுக்குத் தெரியும். ஐந்தாவது கோட்டை வரை சின்னக் கோட்டைகள், ஒரு மணி நேரத்துக்குள் முடித்துவிட்டாள். ஆறாவதுக்கு ஒரு மாதம் பாலத்தில் நின்றாள். ஒரு நாள் மாமா வந்து, ஏதோ கட்டடம் திறக்க மந்திரி வருகிறார் என்றார். அம்மா அன்று விடியற்காலையிலேயே சமையலை முடித்தாள். மந்திரி ஊரில் இருக்கும்வரை கரண்ட் போகாது என்பது அவள் கணக்கு. போகவில்லை. அவர் மேடையில் பேசி முடிப்பதற்குள் இவள் ஆறாவது கோட்டையில் கொடி ஏற்றிவிட்டாள். மந்திரி வந்ததால் இந்த ஊரில் பலனடைந்த ஒரே ஆள் என் தங்கச்சிதான் என்று மாமா கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

வெள்ளிக்கிழமை அத்தா திரையில் வருவார். அம்மா தலையில் பூ வைத்துக்கொண்டு உட்காருவாள். ஒரு பக்கம் நான், இன்னொரு பக்கம் டீ கிளாசோடு மாமா. இவ்வளவு பேர் சுற்றி உட்கார்ந்திருந்தால் என்ன பேச முடியும்? ராஜ்ய விவகாரம்தான் பேசுவார்கள்.

"குதிர எத்தினி ஆச்சு?"

"எம்பது இருக்குது. கொள்ளுதான் பத்தல."

"பாத்துக்க. அவசரப்பட்டு பாலம் தாண்டிடாத."

"நான் எங்க தாண்டப் போறேன். நீங்க நேரத்துக்குச் சாப்புடுங்க."

குதிரைக் கணக்கு சொல்வதற்குப் பூ எதற்கு என்று எனக்கு விளங்கியதில்லை.

அந்த வருடம் அத்தா லீவில் வந்தார். லீவில் வருகிறவர்களுக்குக் காலில் சக்கரம்தான். குழாய் ரிப்பேர், திட்டக்குடியில் பெரியத்தா வீட்டு விருந்து, கருவேப்பிலங்குறிச்சியில் கல்யாணம், என் ஸ்கூல் ஃபீஸ் என்று எல்லாவற்றையும் ஓடி ஓடிச் செய்தார். விளையாட்டையும் அப்படித்தான் ஆடினார். உட்கார்ந்த முதல் நாளே அம்மா மாதக்கணக்கில் வளர்த்த யானைகளைத் தீனி இல்லாமல் காட்டுக்குள் ஓட்டிப்போய், திருடர்களிடம் பாதியைத் தொலைத்துவிட்டு வந்தார். அன்றைய குழம்பில் உப்பு இல்லை. அத்தாவும் கேட்காமல் சாப்பிட்டார்.

மறுநாள் சமாதானமாகப் போய் நின்று, "நீ யானைய தேத்து. ஏழாவது கோட்டைய நான் புடிச்சித் தரேன். புடிச்சிட்டுத்தான் பிளைட்டு ஏறுவேன்" என்றார்.

இதை நான் வகுப்பு முழுக்கச் சொல்லிவிட்டேன். ஏழாவது கோட்டைக்குப் பிறகு கதை எப்படி முடியும் என்பது வகுப்பில் யாருக்கும் தெரியாது. அதை முதலில் பார்க்கப் போகிறவள் நான். என் கவலையெல்லாம் இந்த வீட்டில் யாருக்கும் அவசரமே இல்லையே என்பதுதான். யானைகள் தேறிவிட்டன. நெல் குவிந்துவிட்டது. அம்மா இன்னும் ஏணி போதாது என்றாள், அடுத்து அம்பு போதாது என்றாள். நான் நச்சரித்துக்கொண்டே இருந்தேன். அத்தாவின் பெட்டி கட்டிலுக்கு மேல் வந்து உட்கார்ந்துவிட்டது. துணிகளும் இட்லிப்பொடியும் அதற்குள் போக ஆரம்பித்தன.

பிளைட்டுக்கு இன்னும் இரண்டு நாள் இருந்தபோது, சாப்பிட்டுக்கொண்டே அத்தா திட்டத்தைச் சொன்னார்.

"நாளைக்கு மாசி மகத் தேரு. மந்திரி வந்ததுக்கே அன்னிக்கு கரண்ட்டு நிக்கல. நாளைக்கு சாமியே வருது, நிறுத்துவானா? காலையில உக்காந்தா மத்தியானத்துக்குள்ள கோட்ட நம்முது."

எனக்கு இது மிகச் சரியாகப் பட்டது. அத்தாவுக்கு ஊர் திட்டக்குடி. கல்யாணமான பிறகு மாசி மாதத்தில் அவர் விருத்தாசலத்தில் இருந்ததே இல்லை. நான் இருந்திருக்கிறேன். ஆனால் தேர் அன்று வீட்டில் எங்கே இருந்தேன்? பலூனும் ஐஸுமாகத் தெருவில் அல்லவா நின்றேன்.

"நாளைக்கா?" என்றாள் அம்மா.

"நாளைக்குத்தான். வுட்டா வேற நாளு ஏது?"

அம்மா அவர் தட்டையே கொஞ்ச நேரம் பார்த்தாள். "சரிங்க" என்று இன்னொரு கரண்டி சோறு வைத்தாள்.

மறுநாள் கிரைண்டர் சத்தத்தில்தான் விழித்தேன். விடியும் முன்பே மாவு ஆடிக்கொண்டிருந்தது. மாடியில் தொட்டி நிரம்பி வழிகிறது என்று பக்கத்து வீட்டிலிருந்து குரல் வந்து, அம்மா போய் மோட்டாரை நிறுத்தினாள். எல்லாம் கோட்டைக்காகத்தான், வேலை முடிந்துவிட்டால் நிம்மதியாக உட்காரலாம் அல்லவா என்று எனக்கு ஒரே உற்சாகம்.

அத்தா நாற்காலியில் உட்கார்ந்து சட்டைக் கையை மடித்துவிட்டார். அம்மா கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். பாலம் தாண்டும் நேரத்தில் மாமா மேலே வந்தார்.

"இன்னிக்கா மச்சான் உக்காந்தீங்க? இன்னிக்குத் தேரு வர்ற நேரத்துல..."

"அண்ணே, டீ ஆறுது, குடிங்க" என்றாள் அம்மா.

மாமா டீயைக் குடித்தார். அம்மாவைப் பார்த்தார், அத்தாவைப் பார்த்தார். "நல்லா ஆடுங்க மச்சான்" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். நாங்கள் ஜெயிக்கப் போவதில் மாமாவுக்குப் பொறாமை என்று நான் முடிவு செய்தேன்.

அப்படி ஒரு சண்டையை அதற்கு முன்னும் பின்னும் நான் பார்த்ததில்லை. அத்தாவின் அவசரமும் அம்மாவின் ஏற்பாடும் சேர்ந்தால் எதிரி என்ன செய்வான்? அத்தா பாட்டுக்குக் குதிரைகளை ஓட்டினார். குதிரை களைத்தால் பின்னால் புதுக் குதிரை நின்றது. ஏணி உடைந்தால் இன்னொரு ஏணி வந்தது. "வடக்கு வாசல்ல ஆளு கம்மியா இருக்குது பாருங்க" என்று அம்மா மெல்லச் சொல்வாள். "பாத்துட்டேன், பாத்துட்டேன்" என்று பார்க்காத அத்தா படையைத் திருப்புவார். வெளிச்சுவர் விழுந்தது. உள்வாசல் விழுந்தது. தூரத்தில் தேரின் மேளம் கேட்க ஆரம்பித்தது, திரைக்குள்ளும் முரசு கேட்டது. எதிரி ராஜா கடைசிக் கோபுரத்தில் தனியாக நின்றான். நான் கட்டில் மேல் ஏறி நின்றேன்.

ஃபேன் நின்றது. மேசைக்கடியிலிருந்த யூ.பி.எஸ். கத்தியது. கத்துவதைத் தவிர அதற்கு வேறு வேலை தெரியாமல் போய் வெகு நாளாகியிருந்தது. திரை இருண்டது.

அத்தா இன்னும் பட்டன்களைத் தட்டிக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து பால்கனிக்கு ஓடினார். நாங்களும் ஓடினோம். எதிர் கம்பத்தில் ஏணி சாத்தி லைன்மேன் ஏறியிருந்தார். தெருவுக்குக் குறுக்கே போகும் கம்பியைக் கழற்றிவிட்டுக்கொண்டிருந்தார்.

"தம்பி, எவ்ளோ நேரம் ஆவும்?"

"தேரு நெலைக்கு வரணுமே பாய். கம்பிய கழட்டாம தேரு எப்படிப் போவும்? வருசா வருசம் இதான?"

அத்தா திரும்பி அம்மாவைப் பார்த்தார். அம்மா தெருமுனையில் தேர் திரும்புவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தேரின் உச்சி எங்கள் மாடி உயரத்துக்கு ஆடி ஆடி வந்தது. அத்தா சிரிக்க ஆரம்பித்தார். கோபுரத்தில் ஒரே ஒரு ராஜா பாக்கியிருக்கும்போது ஒரு மனிதருக்கு எப்படிச் சிரிப்பு வரும்? எனக்கு அழுகை வந்தது. அவர் சிரித்துக்கொண்டே அம்மா பக்கத்தில் போய்க் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து நின்றார். தேர் போய், பின்னால் வந்த கூட்டமும் போன பிறகும் இருவரும் அங்கேயே நின்றார்கள். அந்த லீவு முழுவதும் அத்தா ஓர் இடத்தில் நின்றது அன்றுதான்.

சாயங்காலம் கரண்ட் வந்தபோது வீடு நிறையச் சொந்தக்காரர்கள். மறுநாளும் அப்படியே போனது. "கோட்ட எங்க ஓடிப்போவப் போவுது? அது கெடக்கும்" என்று அத்தா என் தலையைத் தடவிவிட்டு வண்டி ஏறினார். கோட்டையைப் பிடிக்காமலேயே பிளைட்டும் ஏறினார்.

ஒரு வாரம் கழித்து, மதியம் கரண்ட் போகாத ஒரு நாள் பார்த்து நான் நாற்காலியில் உட்கார்ந்தேன். எல்லாம் தயாராக இருக்கிறது, நானே முடித்துவிடுகிறேன் என்றேன். அம்மா அடுப்படியிலிருந்து ஓடி வந்தாள்.

"பாலத்துப் பக்கம் போவாத. அது உங்க அத்தாவுக்கு."

என்னை எழுப்பிவிட்டு உட்கார்ந்து, கிணற்றடியில் புதிதாக மாடு தொலைத்தவன் யாராவது நிற்கிறானா என்று தேடினாள். ஆறு கோட்டை பிடித்தவளுக்கு ஏழாவதில் பயம் வந்துவிட்டது என்று வகுப்பில் சொன்னேன். லைன்மேனைத் தெருவில் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். எனக்குத் தெரிந்த துரோகி அவர் ஒருவர்தான்.

தேர் போன அந்த மதியம் இப்போதும் நன்றாக நினைவிருக்கிறது. வீடு முழுக்கப் புழுக்கம். வேர்த்து வடிந்த அத்தாவிடம், தொட்டி ரொம்பி இருக்குது, போய்க் குளிச்சிட்டு வாங்க என்றாள் அம்மா. அவர் குளித்து வந்து பாயில் படுத்ததும், இரவெல்லாம் சார்ஜில் கிடந்த சின்ன விசிறியைக் கொண்டுவந்து அவர் பக்கமாகத் திருப்பி வைத்தாள். அது சாயங்காலம் வரை நிற்காமல் சுற்றியது. இந்த வீட்டில் அம்மா மட்டும்தான் எதையும் முன்கூட்டியே யோசித்து வைக்கிறாள் என்று பெருமையாக நினைத்துக்கொண்டே நானும் அந்தக் காற்றில் படுத்துத் தூங்கிப்போனேன். கரண்ட் போகும் என்று உனக்கு எப்படிம்மா தெரியும் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.