ஆர்டர் முதலில், விசாரணை பிறகு

கல்குவாரி மேனேஜர் என்றால் நாள் முழுக்கப் பாறையோடு மல்லுக்கட்டுகிறவன் என்று நினைப்பீர்கள். நான் மல்லுக்கட்டுவதெல்லாம் நோட்டீஸோடுதான். அரசாங்கக் கவரைப் பார்த்தாலே பிரிக்காமல் ஒளித்து வைக்கிற சகோதர சகோதரிகளே, இது உங்களுக்குத்தான்.

கேட்டானா ஒரு வார்த்தை?

தேவதானத்துக்குப் பக்கத்தில் எங்கள் குவாரி. முதலாளி வேலுச்சாமி அண்ணாச்சி, பட்டாளத்தில் சுபேதாராக இருந்து ரிட்டையர் ஆனவர். அனுமதித்த அளவுக்கு மேல் கல் எடுத்துவிட்டோமாம். அதற்கான ராயல்டியை அபராதத்தோடு கட்ட வேண்டும், இல்லாவிட்டால் லைசென்ஸ் ரத்து என்று ஒரு நாள் உத்தரவு வந்து விழுந்தது. யார் அளந்தார்கள், எப்போது அளந்தார்கள், ஒன்றும் தெரியாது. கட்டுவதென்றால் குவாரியையே விற்க வேண்டும். என் வேலையும் போச்சு. அண்ணாச்சிக்கு மீசை துடித்தது.

"பட்டாளத்துல ஒருத்தனச் சுடுறதா இருந்தாக்கூட, 'நீ என்னலே சொல்லுத'ன்னு கேட்டுட்டுத்தாம்யா சுடுவான்!"

நேரில் விசாரித்ததில்

மனுப் போட்டோம். ஸ்ரீவில்லிபுத்தூருக்கு விசாரணைக்கு வரச் சொன்னார்கள். மடவார் வளாகத்தில் வைத்தியநாதரைக் கும்பிட்டுவிட்டுப் போனோம். ஆபீஸர் எதிரில் விறைப்பாக நின்று அண்ணாச்சி "ஐயா" என்று ஆரம்பிக்கவும், பக்கத்து மேஜையில் கிளார்க், 'மனுதாரரை நேரில் விசாரித்ததில் அவர் கூறியது ஏற்கத்தக்கதல்ல' என்று தட்டிக்கொண்டிருந்தார். எட்டிப் பார்த்த நான், "சார், அவிய இன்னும் வாயவே தொறக்கலையே" என்றேன். கிளார்க் தலை நிமிராமலே சொன்னார்.

"நீங்க பேசுறதப் பேசுங்க அண்ணாச்சி. ஆர்டர் அதுபாட்டுக்கு டைப் ஆகட்டும்."

ரெண்டாவது குழி

கோர்ட்டுக்குப் போனோம். ஆளைக் கேட்காமல் போட்ட உத்தரவு செல்லாது, அவரை வைத்துக்கொண்டே மறுபடி அளந்து, அவர் சொல்வதையும் கேட்டு முடிவெடுங்கள் என்று தீர்ப்பு வந்தது. புதிதாக மாற்றலாகி வந்த ஆபீஸர் அம்மா ஒருவர் சர்வேயரோடு வந்தார்.

முன்பு அளந்தவர்கள் போட்ட வரைபடத்தில் ரெண்டு குழி. எங்களுக்குத் தெரிந்து ஒரு குழிதான். "ரெண்டாவது எங்க சார்?" என்றேன். சர்வேயர் வேலிக்கு அந்தப் பக்கம் கையைக் காட்டினார். காட்டியது அண்ணாச்சியின் பாசனக் கிணற்றை! எங்கள் பக்கத்துக் கிணறுகள் பாறையை வெட்டி இறக்கிய அகலக் கிணறுகள். கடுங்கோடையில் வற்றிக் கிடந்தபோது வந்து அளந்திருக்கிறார்கள். இப்போது மழை பெய்து முக்கால் கிணறு தண்ணீர்.

அண்ணாச்சி ஓடிப்போய் மோட்டாரைப் போட்டார். பீச்சியடித்த தண்ணீரில் சர்வேயர் தொப்பலாக நனைந்தார். நான் சிரிப்பை அடக்க முடியாமல் மோட்டார் ரூமுக்குப் பின்னால் ஓடினேன். அண்ணாச்சி விடவில்லை.

"இது எங்க பூட்டன் வெட்டுனது சார். அவருக்காவது நோட்டீஸ் கொடுத்தியளா?"

வடக்கு மூலை

கிணறு கணக்கிலிருந்து கழிந்தது. ஆனால் வடக்கு மூலையில் எல்லைக் கல்லைத் தாண்டி எங்கள் ஆட்கள் கொஞ்சம் வெட்டியிருந்தது நிஜம். ஆபீஸர் அம்மா அண்ணாச்சியைக் கூப்பிட்டு, உட்காரச் சொல்லி, "இதுக்கு நீங்க என்ன சொல்றீங்க?" என்று கேட்டார். அண்ணாச்சிக்கு முகமெல்லாம் பல்.

"தப்புதாம்மா. அந்த மூலைக்கு உள்ளத நாளைக்கே கட்டிருதேன். கேட்டியள்லா, அது போதும்!"

பாறையை உடைக்க ஒரு வெடி போதும். ஆபீஸில் நம் முகத்தைப் பார்த்து ஒரு கேள்வி கேட்க வைக்கத்தான் கோர்ட் வரைக்கும் போக வேண்டியிருக்கிறது.