நானே அடித்த பதில் மனு

பயம் எனக்குக் கூடப்பிறந்தது. ஆபீசில் ஒரு ஃபைல் கீழே விழுந்தாலே அடுத்து என் பெயரைத்தான் கூப்பிடுவார்கள் என்று நினைப்பேன். அப்படிப்பட்ட நான் சர்க்கார் மேல் கேஸ் போட்டேன் என்றால் முத்தியால்பேட்டையில் எங்கள் தெருவில் இன்றைக்கும் யாரும் நம்பமாட்டார்கள்.

புதுச்சேரியில் ஓர் அரசு அலுவலகத்தில் டைப்பிஸ்டாக இருந்தேன். இரண்டாயிரம் பிறந்த புதிது. கம்ப்யூட்டர் அதிகாரி அறையில் உறை போர்த்திக்கொண்டிருந்தது, எங்களுக்கு டைப்ரைட்டர்தான். பதவி உயர்வுக்கான துறைத் தேர்வு எழுத ஐந்து வருட சர்வீஸ் வேண்டும். எனக்கு ஐந்து இருந்தது. ஆனால் முதல் இரண்டு வருடம் தினக்கூலி, அதைக் கணக்கில் எடுக்க முடியாது என்று ஹால் டிக்கெட் தர மறுத்தார்கள். அதே நாற்காலி, அதே மெஷின், அதே வேலை. அந்த ஆத்திரத்தில் யாரோ சொன்ன வக்கீலிடம் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டேன். வீடு வந்து சேர்வதற்குள் ஆத்திரம் போய்விட்டது, பயம் மட்டும் கூடவே வந்தது.

அப்பா மில் ஸ்ட்ரைக்கில் முன்னால் நின்று வேலையைத் தொலைத்தவர். விஷயத்தைக் கேட்டதும் சாப்பாட்டிலிருந்து கையை எடுத்துவிட்டார். "செவுத்துல போயி முட்டிக்கினு வந்திருக்கியே. செவுத்துக்கா வலிக்கப் போவுது?"

சென்னையில் தீர்ப்பாயம் இடைக்கால உத்தரவு கொடுத்தது. நான் தேர்வு எழுதலாம், ஆனால் முடிவு ஒட்டிய கவருக்குள் இருக்க வேண்டும், கேஸ் ஜெயித்தால்தான் பிரிக்கலாம். எழுதினேன். நன்றாகவே எழுதினேன்.

அடுத்து எங்கள் துறை பதில் மனு போட வேண்டும். அதைத் தயார்செய்கிறவர் எங்கள் பிரிவு சூப்பரின்டென்டென்ட். பிரிவில் டைப்பிஸ்டுகள் இரண்டு பேர். இன்னொருத்தி பிரசவ லீவில் இருந்தாள். ஒருநாள் காலையில் அவர் கைப்பட எழுதிய தாள்களை என் மேசையில் வைத்துவிட்டு, ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"வேற ஆளில்லம்மா. நாளைக்கு வக்கீலுக்குப் போவணும்."

எனக்கு எதிரான மனுவை நானே அடிக்க வேண்டும். முடியாது என்று சொல்ல எனக்கு வாய் ஏது? ஓர் எழுத்து தவறினாலும் வேண்டுமென்றே செய்தாள் என்பார்களே என்று பயம். ஒவ்வொரு சொல்லையும் இரண்டு தரம் படித்துப் படித்து அடித்தேன். மூன்றாம் பக்கத்தில் கை நின்றுவிட்டது. மனு இங்கிலீஷில் இருந்தது. அந்த வரிக்கு அர்த்தம் இதுதான்: தினக்கூலியாக இருந்த காலத்தில் மனுதாரர் டைப்பிஸ்ட் வேலை எதையும் செய்யவில்லை.

தாளை எடுத்துக்கொண்டு அவர் மேசைக்குப் போனேன். எங்கிருந்து தைரியம் வந்தது என்று தெரியவில்லை.

"சார், அந்த ரெண்டு வருஷமும் நீங்க எழுதிக் குடுத்தத நான்தான அடிச்சேன்?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எனக்குத் தெரியாதாம்மா? மேலேர்ந்து சொன்னத எழுதுறேன். எனக்கும் புள்ளகுட்டி இருக்குது."

அவருக்கே பயம் என்றால் நான் எம்மாத்திரம். திரும்பி வந்து அந்த வரியையும் அடித்தேன். சாயங்காலம் அவர் மனு முழுவதையும் படித்துப் பார்த்து, ஒரு பிழைகூட இல்லை என்றார். பாத்ரூமில் போய் அழுதேன்.

அதன்பிறகு தபால் வரும் நேரமெல்லாம் அடித்துக்கொண்டிருப்பதை நிறுத்திவிடுவேன். மேசை மேசையாகக் கவர் கொடுத்துக்கொண்டு வருகிறவர் என்னைத் தாண்டிப் போனபிறகுதான் மூச்சு வரும். ஜெயிக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். ஜெயித்தால் மேலே இருப்பவர்கள் சும்மா விடுவார்களா என்று அதற்கும் சேர்த்துப் பயந்தேன்.

ஒருநாள் மதியம் சாப்பிட்டுவிட்டுக் குழாயடியில் டிபன் பாக்ஸ் கழுவிக்கொண்டிருந்தேன். எங்கள் அறையிலிருந்து டைப் அடிக்கும் சத்தம் கேட்டது. ஒரு டக். நீண்ட நேரம் ஒன்றுமில்லை. மறுபடி ஒரு டக். டைப்பிங் தெரிந்த யாரும் அப்படி அடிக்கமாட்டார்கள்.

வாசலில் நின்று பார்த்தேன். என் நாற்காலியில் சூப்பரின்டென்டென்ட் உட்கார்ந்து, ஒற்றை விரலால் எழுத்தைத் தேடித் தேடி அடித்துக்கொண்டிருந்தார். இத்தனை வருடத்தில் அவர் ஒரு வரிகூட அடித்து நான் பார்த்ததில்லை. பக்கத்தில் சென்னையிலிருந்து வந்த தீர்ப்பாய உத்தரவு பிரிந்து கிடந்தது, மெஷினில் என் பெயருக்கு ஒரு மெமோ பாதியில் நின்றது. கேஸ் தோற்றுவிட்டது, என் ரிசல்ட் கவரை இனி யாரும் பிரிக்கப்போவதில்லை என்று யாரும் எனக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

என்னைப் பார்த்தார். விரல் மெஷின் மேலேயே நின்றது.

"இத நீ அடிக்க வேணாம்மா" என்றார்.