தூக்குப்போசி கழுவும் காட்சி

சென்னிமலைக்கு வலது காலில் இரண்டு விரல்கள் இல்லை. சர்க்கரை நோயால் போனது என்று எல்லோரிடமும் சொல்லுவார். நான் அப்படிச் சொல்ல மாட்டேன். யார் எதை நீட்டினாலும் வாங்கி வாயில் போட்டுக்கொண்டதால் போனது. கல்யாண வீட்டில் ஜிலேபியை மறுப்பது மரியாதை இல்லையாம். மரியாதைக்காக விரலைக் கொடுத்த மனிதர்.

பீளமேட்டில் ஒரு மில்லில் கணக்குப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். ஆபரேஷன் ஆன பிறகு கட்டு மாற்ற என்னைக் கூப்பிட்டார்கள். அதற்காகவே படித்து, வீடு வீடாகப் போய் நோயாளிகளைப் பார்க்கிறவள் நான். அவர் வீட்டு முன்னறையில் அப்போது ஒரு நாடகம் தயாராகிக்கொண்டிருந்தது. நான் தரையில் உட்கார்ந்து புண்ணைத் துடைப்பேன். நாற்காலிகளில் கலை வளரும்.

நாடகம் அவர் எழுதியது. வாழ்நாளில் எழுதியது அது ஒன்றுதான். மில்லில் ஷிப்டின்போது இறந்துபோன ஒரு தொழிலாளியின் கதை. சுமாரான எழுத்து. எல்லோரும் தேவைக்கு மேல் பேசினார்கள். ஒரே ஒரு காட்சி மட்டும் வேறு மாதிரி. மயானத்திலிருந்து திரும்பிய தம்பி, அண்ணன் மில்லுக்குச் சோறு கொண்டுபோன தூக்குப்போசியைத் திறக்கிறான். சாப்பிடாத சோறு ஊசிப்போயிருக்கிறது. கொட்டுகிறான், கழுவுகிறான், கவிழ்த்து வைக்கிறான். யாரும் பேசுவதில்லை. தண்ணீர்ச் சத்தம் மட்டும்.

நான் நிறைய சாவு வீடுகளில் நின்றிருக்கிறேன். அழுகிறவர்களைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. ஒரு மூலையில் எதையாவது கழுவிக்கொண்டிருப்பவர்மேல்தான் கண் வைத்திருப்பேன். மயங்கி விழுவது அவராகத்தான் இருக்கும். அதனால் அந்தக் காட்சி பொய்யில்லை என்று எனக்குத் தெரிந்தது.

அவர் மனைவி கீதா சமையலறையில் வைத்துச் சொன்னார். "நடந்ததுதானுங்க்கா. செத்தது இவரோட அண்ணன். போசியக் கழுவுனது இவரு. அதை அப்படியே ஒருக்கா மேடையில பாத்துப்போடோணும்னுதான் இத்தன பாடு. நாடகம் போடறவிங்க கிட்ட இதச் சொல்லுங்கன்னா, மாட்டேங்கறாரு."

அந்தக் காட்சியில் முதலில் கை வைத்தவர் சசிதர். கல்யாணங்களில் கீபோர்டு வாசிப்பவர், நாடகத்துக்கு இசை அவர்தான்.

"ஏனுங்ணா, சும்மா தண்ணி ஊத்திட்டிருந்தா ஜனம் போன எடுத்து நோண்ட ஆரம்பிச்சுருமுங்க. லேசா ஒரு புல்லாங்குழல் வுடட்டுங்களா?"

சென்னிமலையின் கால் அப்போது என் கையில் இருந்தது. கெண்டைக்கால் கட்டையாக இறுகியது. வாய் வேறு சொன்னது. "அதுக்கென்னங்க தம்பி, செஞ்சுபோடலாமுங்க."

புல்லாங்குழல் ஒரே வாரத்தில் பாட்டாயிற்று. பாட்டு வந்ததும், நாட்டிய வகுப்பு நடத்தும் யுவஸ்ரீ, தன் மாணவிகளுக்கு அங்கே ஓர் ஆட்டம் இருந்தால் நன்றாக இருக்கும் என்றாள். "நல்லாருக்குமுங்க அம்மணி" என்றார் இவர். பிறகு மேடை அலங்காரம் செய்யும் நாகூர் மீரான் வந்தார். தெர்மாகோலில் மில் சிம்னி, அதிலிருந்து நிஜமாகவே புகை. கல்யாணத்தில் பெண்ணும் மாப்பிள்ளையும் நடந்து வரும்போது விடும் அதே மிஷின். அதற்கும் சரி. வீட்டில் இருந்த தூக்குப்போசியை, அண்ணனுடையது என்று தெரியாமலே, மேடைக்குக் கேட்டார். அதற்கும் சரி.

அவர்களுக்குள்ளும் இதே கதைதான். பாட்டு சகிக்கவில்லை என்று யுவஸ்ரீ கேட்டுக்கு வெளியே போய் மீரானிடம் சொன்னாள். ஆட்டம் பள்ளிக்கூட ஆண்டு விழா மாதிரி இருக்கிறது என்று சசிதர் என்னிடமே சொன்னார். அறைக்குள் வந்ததும் எல்லோரும் எல்லோருக்கும் "சூப்பருங்க". ஒரு புண்ணைப் பார்த்து நான் உள்ளே "நல்லாருக்குதுங்க" என்று சொல்லிவிட்டு, வாசலில் போய் "காலை எடுக்க வேண்டியிருக்கும்" என்றால் என்னைத் துரத்திவிடுவார்கள். இவர்கள் அதற்குக் கூட்டு முயற்சி என்று பெயர் வைத்து நோட்டீஸும் அடித்தார்கள்.

கடைசி ஒத்திகையும் அந்த முன்னறையில்தான், நான் கட்டு மாற்றிக்கொண்டிருக்கும்போது. தம்பி போசியைத் தொட்டதும் பாட்டு எழுந்தது, தலையில் துண்டு கட்டிய சிறுமிகள் சுற்றிச் சுற்றி வந்தார்கள். எனக்குப் பொறுக்கவில்லை.

"சசிதர், இந்த எடத்துல பாட்டும் வேண்டாம், ஆட்டமும் வேண்டாம். இது கதையில்ல. இவரோட சொந்த அண்ணன் செத்த அன்னிக்கு நடந்தது."

சசிதர் கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டார். "நெசங்களாண்ணா? எனக்குத் தெரியாதுங்களே. தெரிஞ்சிருந்தா தொட்டிருக்கவே மாட்டேனுங்க. இப்பவே எடுத்துப்போடலாமுங்க."

"என்ற புள்ளைகள வேற எடத்துல ஆட வெச்சுக்கறனுங்க" என்றாள் யுவஸ்ரீ.

"எனக்குப் புகை மிச்சமுங்க" என்றார் மீரான். சிரிப்புகூட வந்தது.

மூன்று பேரும் சென்னிமலையைப் பார்த்தார்கள். ஆமாம் என்று ஒரு சொல் போதும். கீதா சமையலறை வாசலில் வந்து நின்றார்.

"ஐயோ, அதெல்லாமில்லீங்க" என்றார் சென்னிமலை. "சிஸ்டர் சும்மா சொல்றாங்க. இத்தன பாடுபட்டுருக்கீங்க, பாட்டு இருக்கட்டுங்க. நல்லாத்தானுங்க இருக்குது."

கெண்டைக்கால் என் கையில் கட்டை மாதிரி இருந்தது. கீதா உள்ளே போய்விட்டார்.

நாடகம் ஒரு கல்லூரி அரங்கத்தில் நடந்தது. அந்தக் காட்சிக்குத்தான் அதிகக் கைதட்டல். பெற்றோர்கள் எழுந்து நின்று தங்கள் பெண்களைப் படம் எடுத்தார்கள். புகையில் தம்பியும் தெரியவில்லை, போசியும் தெரியவில்லை. தண்ணீர் விழுந்ததா என்றே எனக்குத் தெரியாது. முன்வரிசையில் சென்னிமலையும் கை தட்டினார்.

மறுநாள் காலையில் நான் அங்கே இருக்கும்போது மீரான் தூக்குப்போசியைத் திருப்பிக் கொண்டுவந்தார். மேடையில் எடுப்பாகத் தெரிய வேண்டும் என்று தங்க நிற ஸ்ப்ரே அடித்திருந்தார். உள்ளேயும் அடித்திருந்தார்.

"நல்லாருக்குதுங்க பாய், புதுசாட்ட இருக்குது" என்றார் சென்னிமலை. வாசல் வரை நொண்டிக்கொண்டே போய் வழியனுப்பினார். அடுத்த வருஷ நாடகத்துக்கும் அங்கேயே ஒப்புக்கொண்டார்.

கீதா போசியைக் குழாயடியில் வைத்து நாரால் தேய்க்க ஆரம்பித்தார். சாயம் போகவில்லை.

"தேய்க்காதேன்னா கேக்க மாட்டயா? வேண்டாம், வை அதை" என்று கத்தினார் சென்னிமலை. மருத்துவர் எழுதிக் கொடுத்த செருப்பை நான் கொண்டுவந்த அன்றும் இதே குரல்தான். மறுக்கத் தெரியாதவர் இல்லை. தன்னைப் பார்த்துக்கொள்கிறவர்களிடம் மட்டும் மறுப்பார்.

உட்காரச் சொல்லி, காலை எடுத்து மடியில் வைத்துக் கட்டைப் பிரித்தேன்.

"எப்படிங்க சிஸ்டர் இருக்குது? பரவால்லீங்களா?"

புண் பெரிதாகியிருந்தது. பெரிதாகியிருக்கிறது என்று சொன்னேன்.